எந்தக் காலனி?

1

இந்தக் குறிப்புகளில் என் ஊர்ப் பெயர் இருக்காது. திருக்காட்டுப்பள்ளியிலிருந்து சைக்கிளில் போய்வரும் தூரத்தில், நெல்லைத் தவிர வேறெதையும் நம்பாத ஓர் ஊர் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆட்களின் பெயர்களையும் மாற்றியிருக்கிறேன். இதில் சேகர் என்று வருகிற மனிதர் தமிழ்ப் பத்திரிகைகளை ஊரிலிருந்து வரவழைத்து, விளம்பரம் உட்பட ஒரு வரி விடாமல் படிப்பவர். இதையும் படிப்பார். படித்துவிட்டு என்னிடமே வந்து, "நல்ல கட்டுரைங்க மாணிக்கம், நீங்க அவசியம் படிக்கணும்" என்று சொன்னாலும் சொல்வார். 

எழுத வைத்தது ஒரு சின்ன விஷயம். சென்ற மாதம் ஒருநாள் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது என் மகள் கயல் சொன்னாள்: "அப்பா, சேகர் அங்கிள் என் படத்தை அடுத்த சண்டே போடறாங்க. எல்லாரும் வர்றாங்க."

"எந்தப் படம்?"

"நான் எடுத்தது. சம்மர் கிளாசுக்கு. உங்களைப் பத்தி."

கையிலிருந்த சோற்றைத் தட்டிலேயே வைத்துவிட்டேன். என் மனைவி வளர்மதி என்னை ஒருமுறை பார்த்துவிட்டு, எனக்கு ரசம் ஊற்றினாள்.

2

கம்ப்யூட்டர்களெல்லாம் புத்தாயிரம் பிறந்ததும் குழம்பிவிடும் என்று அமெரிக்காக்காரன் பயந்தானே, அந்தப் பயத்தில் வண்டி வண்டியாக அழைத்துவரப்பட்டவர்களில் நானும் ஒருவன். அவனுடைய பயம் ஜனவரி ஒன்றாம் தேதி தீர்ந்துவிட்டது. என்னுடையது வந்து இறங்கிய அன்றே பிடித்துக்கொண்டது. விமான நிலையத்திலிருந்து என்னை அழைத்துப்போக வந்தவர் சேகர். என் குழுவுக்கு அவர்தான் மேலாளர். கையில் எனக்காக ஒரு குளிர் கோட்டு வைத்திருந்தார். காரில் ஏறியதும், "தஞ்சாவூர்ப் பக்கம்னு சொன்னாங்களே, தஞ்சாவூர்ல எங்கங்க?" என்று கேட்டார். சொன்னேன். "அட, நம்ம ஊர்ப்பக்கமா! ஊர்ல எந்தத் தெரு?" என்றார்.

வெளியூர்க்காரர்களுக்கு இது சாதாரணக் கேள்வியாகத் தெரியலாம். ஆற்றில் விட்ட தண்ணீர் வாய்க்காலுக்கு வந்து, வாய்க்காலிலிருந்து சின்னக் கன்னி வாய்க்காலுக்கு வந்து, கடைசியில் ஒருவனின் வரப்பைத் தொட்டு நிற்பதைப் போன்ற கேள்வி இது. இந்தியாவில் எங்கே, தமிழ்நாட்டில் எங்கே, தஞ்சாவூரில் எங்கே, எந்தத் தெரு. ஒரு அமெரிக்கனிடம் 'இந்தியா' என்று சொன்னால் பேச்சு முடிந்துவிடும். நம்மவரிடம் அங்கேதான் தொடங்கும். அன்றைக்கு நான், "ஆத்தங்கரைப் பக்கம் சார்" என்றேன். எங்கள் பக்கத்தில் எல்லா வீடும் ஆற்றங்கரைப் பக்கம்தான்.

அலுவலகத்தில் துணைத்தலைவரை ஜிம் என்று பெயர் சொல்லிக் கூப்பிடுகிறேன். சேகரை மட்டும் இன்றுவரை சார்தான். "என்ன மாணிக்கம், சாரு கீருன்னுட்டு. இது அமெரிக்கா" என்பார். அமெரிக்காதான். ஆனால் கிரீன் கார்டுக்குக் கம்பெனிதான் மனு போடவேண்டும். என் வேலையைப் பற்றி அவர்தான் எழுதித் தரவேண்டும். இடையில் வேலை போனால் வரிசையில் மறுபடி கடைசியில் போய் நிற்கவேண்டும். அதற்குள் ஊரில் பிறந்த கயலுக்கு இருபத்தொரு வயது ஆகிவிட்டால், பிள்ளைக் கணக்கில் வராமல் அவள் என் வரிசையிலேயே இல்லாமல் போய்விடுவாள். இதையெல்லாம் சேகர் ஒருநாளும் சொல்லிக்காட்டியதில்லை. அவர் நல்லவர். என் கஷ்டமே அதில்தான் இருக்கிறது.

3

சேகருக்கு சினிமாப் பைத்தியம். நம்மூர் சினிமா இல்லை. அமெரிக்காவில் சமூகப் பிரச்சினைகளைப் படமாக எடுக்கும் இயக்குநர்கள் என்றால் உயிரை விடுவார். நிறவெறி, சிறைச்சாலை, வேலைநிறுத்தம், வீடில்லாதவர்கள் என்று தேடித்தேடி வாங்கி, மாதத்துக்கு ஒரு ஞாயிறு மதியம் தன் வீட்டின் கீழ்த்தளத்தில் திரை கட்டிப் போடுவார். ஏழெட்டுத் தமிழ்க் குடும்பங்கள் வரும். முதலில் புளியோதரை, பிறகு படம், பிறகு விவாதம். நான் புளியோதரைக்கும் படத்துக்கும் பயந்ததில்லை. விவாதம் தொடங்கும்போது மாடிப்படிக்குப் பக்கத்தில் நகர்ந்து உட்கார்ந்துகொள்வேன்.

ஒருமுறை பருத்திக்காட்டுக் குத்தகைக்காரர்களைப் பற்றி ஒரு படம். ஒரு கறுப்பினத்து மனிதர் விதை கேட்பதற்காக நிலக்காரர் வீட்டுக்குப் போகிறார். முன்வாசலைத் தாண்டி, வீட்டைச் சுற்றிக்கொண்டு பின்வாசலில் போய்த் தொப்பியைக் கழற்றி நிற்கிறார். அந்த இயக்குநர் வேறெதையும் காட்டவில்லை. கதவு திறக்கும்வரை அந்த முதுகையே காட்டிக்கொண்டிருந்தார். என் அப்பாவும் அப்படித்தான் மிராசுதார் வீட்டுக் கொல்லைவாசலில் நிற்பார். தொப்பிக்குப் பதில் துண்டு. நான் அவருக்குப் பின்னால் நிற்பேன். அதனால் எனக்கும் அந்த முதுகைத்தான் தெரியும்.

திரும்பிப் பார்த்தால் சேகர் கண்ணைத் துடைத்துக்கொண்டிருக்கிறார். "எப்படி எடுத்திருக்கான் பாருங்க" என்று தழுதழுத்தார். "மனுசனை மனுசன் பின்வாசல்ல நிறுத்தியிருக்கான். எப்படித்தான் மனசு வந்துச்சோ." சேகர் குடும்பம் மிராசுதார் குடும்பம். ஆற்றுக்கு அந்தக் கரையில், எங்கள் ஊரிலிருந்து சத்தம் போட்டால் கேட்கும் தூரம். அவர் வீட்டுக்கும் கொல்லைவாசல் உண்டு. அவர் நடிக்கவில்லை, சத்தியமாக அழுதார். அழுது முடித்து மூக்கைச் சிந்திவிட்டு என்னிடம் திரும்பி, "ஆமா மாணிக்கம், உங்க குலதெய்வம் எதுன்னு சொன்னீங்க?" என்று கேட்டார்.

அப்போதுதான் எனக்கு ஒன்று தோன்றியது. இந்த அமெரிக்க இயக்குநர்களுக்கு ஒரு வசதி இருக்கிறது. தோலைக் காட்டினால் போதும், பாதிக் கதையைச் சொல்லியாகிவிடும். சேகரையும் என்னையும் அருகருகே உட்காரவைத்துப் படம் எடுத்தால் என்ன தெரியும்? ஒரே நிறம், ஒரே மீசை, ஒரே தொப்பை. எங்களை எடுக்க வருபவர் 'எந்தத் தெரு' என்ற அந்தக் கேள்வியைத்தான் படம் எடுக்கவேண்டும்.

4

கயலைப் பள்ளிக்கூடத்தில் கைல் என்று கூப்பிடுவார்கள். கைல் இங்கே ஆண்பிள்ளைப் பெயர். அவள் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. அவள் சின்னப் பெண்ணாக இருந்தபோது, அமெரிக்கா முதலில் பதின்மூன்று காலனிகளாக இருந்தது, பிறகு சண்டை போட்டு சுதந்திரம் வாங்கியது என்று பாடம் நடத்தியிருக்கிறார்கள். அந்த வாரம் சேகர் வீட்டில் எல்லோரும் இருக்கும்போது பெருமையாகச் சொன்னாள்: "எங்க அப்பாகூட காலனியிலதான் பொறந்தாங்க."

வளர்மதி ஊருக்குப் போன் பேசும்போதெல்லாம் "காலனியில தண்ணி வருதா, காலனியில லைட்டு போட்டாங்களா" என்று கேட்பாள். குழந்தை அதைக் காதில் வாங்கி வைத்திருக்கிறது. எங்கள் மாவட்டத்தில் ஊர் வேறு, காலனி வேறு. ஊரைத் தாண்டி, வயலைத் தாண்டி, வாய்க்காலுக்கு அப்பால் அரசாங்கம் கட்டிக்கொடுத்த தொகுப்பு வீடுகள். முழுப்பெயர் ஆதிதிராவிடர் காலனி. யாரும் முழுப்பெயரைச் சொல்வதில்லை. காலனி என்றாலே தெரிந்துவிடும்.

 சேகர் சிரித்த முகத்தோடுதான் கேட்டார். "எந்தக் காலனிங்க?"

"ரயில்வே காலனி சார்" என்றேன். அது எங்கிருந்து வந்தது என்று எனக்குத் தெரியாது. பயம் வந்தால் சிலருக்கு நாக்கு ஒட்டிக்கொள்ளும். எனக்கு அன்று நாக்கில் ரயிலே ஓடியது. "தஞ்சாவூர்ல. அப்பா ரயில்வே. சொந்த ஊருதான் திருக்காட்டுப்பள்ளிப் பக்கம்."

"அப்படியா! எங்க மாமா ஒருத்தர் பூதலூர்ல ஸ்டேஷன் மாஸ்டரா இருந்தார். உங்க அப்பா என்னவா இருந்தாங்க?"

"கார்டு."

அன்றிலிருந்து என் அப்பா கார்டு ஆனார், நான் கிரீன் கார்டுக்காகக் காத்திருந்தேன். ஒரு பொய்க்குத் தீனி போடுவது மாடு வளர்ப்பதை விடக் கஷ்டம். எந்த ரயில், எந்த ஷிப்டு, வருஷத்துக்கு எத்தனை பாஸ், கார்டு பெட்டியில் என்னென்ன இருக்கும் என்று இரவல் புத்தகம் வாங்கிப் படித்தேன். சேகர் கேட்காத கேள்விக்கெல்லாம் பதில் வைத்திருந்தேன். அவருடைய பூதலூர் மாமா எப்போது அமெரிக்கா வருவாரோ என்று ஒவ்வொரு கோடை விடுமுறையிலும் பயந்தேன்.

இதில் ஒன்றைச் சொல்லாமல் இருக்கமுடியாது. சில நாள் கழித்துக் கயல் தாத்தாவிடம் போனில் பேசினாள். ஸ்பீக்கரில் போட்டிருந்தோம். "தாத்தா, நீங்க ட்ரெயின்ல கார்டாமே? கொடி காட்டுவீங்களா?" என்று கேட்டுவிட்டாள். நான் அடுப்படியில் நின்றுகொண்டிருந்தேன்.  வயதுக்கும் நாற்றங்காலிலும் களத்திலும் கிடந்த மனிதர் அவர். ரயில் ஏறியதே திருச்சி ஆஸ்பத்திரிக்குப் போகத்தான்.  போன் இரைச்சலுக்கு நடுவே, "ஆமாம்மா. பச்சைக்கொடி காட்டுனாத்தான் வண்டி நகரும்" என்றார்.

மகன் எதற்காக அப்படிச் சொல்லியிருப்பான் என்று அவர் யாரையும் கேட்கவில்லை, என்னையும் கேட்கவில்லை. "நான் ஒரு தடவ அங்க வந்து புள்ளையைப் பாத்துட்டுப் போறேண்டா" என்று அதற்கு முன்பெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தவர், அதற்குப் பிறகு சொல்வதில்லை. நான் வெட்கத்தால் அழுதேன்.

5

கயலுக்குப் பதினேழு வயது ஆகிறது. தமிழ் பேசுவாள், ஆனால் கோபம் ஆங்கிலத்தில்தான் வரும். இந்தக் கோடையில் நூலகத்தில் பள்ளி மாணவர்களுக்குப் படமெடுக்கச் சொல்லிக்கொடுத்தார்கள். கற்றுக்கொடுத்த அம்மாள் வயதானவர், நிலக்கரிச் சுரங்கக்காரர்களைப் பற்றியும் சிறையிலிருக்கும் தாய்மார்களைப் பற்றியும் படம் எடுத்தவராம். அவர் முதல் வகுப்பிலேயே பிள்ளைகளிடம், சமூகப் பிரச்சினையைத் தேடி ஊரெல்லாம் அலையாதீர்கள், உங்கள் வீட்டில் எதைப் பற்றிப் பேசுவதில்லையோ அங்கே கேமராவை வையுங்கள் என்று சொல்லிவிட்டார். எங்கிருந்தோ வந்து என் தலையில் கைவைத்தார் மகராசி.

கயல் என் பின்னாலேயே கேமராவோடு சுற்றினாள். நான் தபால்பெட்டியைத் திறந்தால் எடுத்தாள், போன் பேசினால் எடுத்தாள், சேகர் வீட்டு ஞாயிற்றுக்கிழமைகளில் எடுத்தாள். ஏதோ பள்ளிக்கூட வேலை என்று விட்டுவிட்டேன். அவள் என்ன கேட்டாள், நான் என்ன சொன்னேன் என்பதே சரியாக நினைவில்லை. வளர்மதியிடமும் மணிக்கணக்கில் பேச்சுப் பதிவு செய்திருக்கிறாள்.

"நீ என்ன சொன்ன அவகிட்ட?" என்று வளர்மதியைக் கேட்டேன்.

"கேட்டதுக்குப் பதில் சொன்னேன். ஊரு எப்படி இருக்கும், என்ன சாப்பிடுவோம்னு."

"காலனின்னு சொன்னியா?"

"நினைவில்லைங்க. அந்த வார்த்தையைச் சொல்லாம நம்ம ஊரைப் பத்தி எப்படிப் பேசறது?"

மடியில் கனம் இருந்தால்தான் வழியில் பயம் என்பார்கள். என் மடியில் இருந்தது ஒரே ஒரு சொல். அது இப்போது ஒரு டேப்பில் ஏறி சேகர் வீட்டுத் திரைக்குப் போய்க்கொண்டிருந்தது. கயலிடம் முன்னாலேயே காட்டச் சொன்னேன். "டைரக்டர்ஸ் அப்படிக் காட்டமாட்டாங்கப்பா" என்று சிரித்துவிட்டுப் போய்விட்டாள்.

அந்த வாரம் முழுக்கத் தூக்கம் இல்லை. அலுவலகத்தில் சேகர் என் மேஜையைத் தாண்டிப் போகும்போதெல்லாம் கம்ப்யூட்டர் திரைக்குள் தலையை நுழைத்துக்கொண்டேன். "சண்டே உங்க பொண்ணு படம். மறந்துடாதீங்க" என்றார் ஒருநாள். நான் மறப்பதா?

வளர்மதிக்குப் பொறுக்கவில்லை. "அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேயிங்கிற மாதிரி இருக்கீங்க. தெரிஞ்சா என்ன செஞ்சுடுவாரு? தலையை வாங்கிடுவாரா?"

"ஒண்ணும் செய்யமாட்டாரு."

"அப்புறம் என்ன?"

சென்னையில் எங்களுக்கு வீடு கிடைத்த கதையை அவளுக்கு நினைவுபடுத்தினேன். வீட்டுக்காரர் சாவியே கொடுத்துவிட்டார். மறுநாள் எங்கள் ஊர்க்காரர் யாரிடமோ விசாரித்திருக்கிறார். அதற்கு மறுநாள், மகளுக்குத் திடீரென்று கல்யாணம் நிச்சயமாகிவிட்டது, வீடு எங்களுக்கே வேண்டும் என்று சாவியைத் திரும்ப வாங்கிக்கொண்டார். மரியாதையாகத்தான் பேசினார். காபிகூடக் கொடுத்தார், எங்களுக்கு மட்டும் காகிதக் கப்பில். அந்த மகளுக்குக் கல்யாணம் நிச்சயமானதா இல்லையா என்று எங்களுக்கு இன்றுவரை தெரியாது. சேகரும் அதே மாதிரி, வெளிப்படையாக ஒன்றும் செய்யமாட்டார். மனு கொஞ்சம் தாமதமாகும். ஒரு ஞாயிற்றுக்கிழமை கூப்பிட மறந்துவிடுவார். அடுத்த திட்டத்துக்கு வேறு ஆள் பொருத்தமாக இருப்பார். எதையும் யாரும் செய்ததாகவே இருக்காது. நான் பயந்தது அதற்குத்தான்.

 சாவியைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வந்த அன்று படிக்கட்டில் உட்கார்ந்து அழுதவள் வளர்மதிதான்.

6

ஞாயிற்றுக்கிழமை வந்தது. வளர்மதிக்குக் காய்ச்சல். உண்மையான காய்ச்சலா என்று நான் கேட்கவில்லை. நானும் கயலும் போனோம். கீழ்த்தளம் நிறைந்திருந்தது. வழக்கமான இடத்தில், மாடிப்படிக்குப் பக்கத்தில் உட்காரப் போனேன். "அங்க எதுக்கு? இன்னைக்கு நீங்கதான் ஹீரோ, முன்னாடி வாங்க" என்று சேகர் கையைப் பிடித்து இழுத்துப்போய்த் தன் பக்கத்தில் உட்காரவைத்தார். விளக்கை அணைத்தார்கள்.

திரையில் நான் வந்தேன். தபால்பெட்டிக்கு முன்னால் நிற்கிறேன், கடிதத்தைப் பிரிக்காமல் கையிலேயே வைத்துக்கொண்டு. பிறகு போனில் தலையாட்டுகிறேன், எதிரில் இருப்பவருக்குத் தெரியுமா என்ன? பிறகு ஏதோ ஒரு கூட்டத்தில் சுவரோரமாக நிற்கிறேன், எல்லோரும் சிரித்தபிறகு சிரிக்கிறேன். என்னை நானே அப்படிப் பார்த்ததில்லை. வாய்க்கால் மதகைத் திருட்டுத்தனமாகத் திறந்துவிட்டு ஓட நிற்பவனைப் போல இருந்தேன்.

கயலின் குரல் ஆங்கிலத்தில் வந்தது. என் அப்பா பயப்படுகிறார், எதற்கு என்று சொல்லமாட்டார் என்றாள். கண்ணை மூடிக்கொண்டேன். அடுத்து அந்தச் சொல் வரப்போகிறது என்று காத்திருந்தேன். வந்தது வேறு. இரட்டைக் கோபுரம் விழுந்தபிறகு எங்களைப் போன்ற நிறத்தவர்களை இந்த நாடு எப்படிப் பார்க்கிறது என்று பேசினாள். விசா, வரிசை, கடையில் முறைத்துப் பார்த்த ஒரு கிழவர். என் அப்பா அமெரிக்காவைக் கண்டு பயப்படுகிறார், அமெரிக்கா வெட்கப்படவேண்டும் என்று முடித்தாள். வளர்மதியின் குரல் ஓரிடத்தில் வந்தது. மீன்குழம்பைப் பற்றி.

விளக்கு எரிந்ததும் கைதட்டல்.  சேகர் கண்ணெல்லாம் ஈரம். என் தோளில் கையைப் போட்டு இறுக்கிக்கொண்டார். 

"மாணிக்கம், இத்தனை வருஷமா மனசுக்குள்ளேயே வச்சுக்கிட்டிருந்தீங்களா? நமக்கெல்லாம் இருக்குற பயம்தாங்க இது. வெள்ளைக்காரன் நம்மளை என்னைக்குமே சமமா நடத்தமாட்டான். நமக்கு நாமதான் துணை."

"ஆமா சார்" என்றேன்.

கயலைப் பார்த்து, "நீ பெரிய டைரக்டரா வருவம்மா. ஒரு முகத்தை வச்சே சொல்லிட்டியே" என்றார். அவள் நன்றி சொன்னாள், ஆனால் சேகரைப் பார்க்கவில்லை. அவர் கையையும் என் தோளையும்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

7

காரில் ஏறினோம். வெயில் இன்னும் இருந்தது. சேகர் வாசலில் நின்று கையசைத்தார். நானும் அசைத்தேன். சாவியைத் திருகப் போனபோது கயல், "அப்பா, ஒண்ணு கேக்கவா?" என்றாள்.

"கேளு."

"நான் எடுத்தது பொய்ப் படம்னு நினைக்கிறேன்."

சாவியிலிருந்து கையை எடுத்தேன்.

"போலீஸ் நம்ம காரை நிறுத்தினப்ப நான் பக்கத்துலதான் இருந்தேன். நீங்க பயப்படல. ஜோக் அடிச்சீங்க. ஏர்போர்ட்லயும் சும்மாதான் நின்னீங்க. எனக்கு வேணுங்கிற ஷாட்டே கிடைக்கல. தபால்பெட்டி, போன் தவிர பயப்படுற ஷாட் எல்லாம் இந்த வீட்டுலயும் உங்க ஆபீஸ் பிக்னிக்லயும் எடுத்ததுதான். எல்லாத்துலயும் ஓரத்துல சேகர் அங்கிள் இருக்காங்க. அவங்களை வெட்டிட்டேன். வெட்டினாத்தான் நான் சொல்ல வந்தது சரியா வந்துச்சு." பிறகு அவளுக்குக் கோபம் வந்தது. ஆனால் தமிழிலேயே கேட்டாள். "ஏம்ப்பா? அவங்க நல்லவங்கதானே?"

வாசலில் சேகர் இன்னும் நின்றுகொண்டிருந்தார். வண்டி ஏன் கிளம்பவில்லை என்று பார்த்தவர், உதவி வேண்டுமா என்று கையால் கேட்டபடி படியிறங்கி எங்களை நோக்கி வந்தார். ஒன்றுமில்லை சார் என்று சைகை காட்டினேன். சாவியைப் பாதி திருகி எங்கள் இரண்டு பக்கத்துக் கண்ணாடிகளையும் ஏற்றினேன்.

"தாத்தா ரயில்வேயில வேலை பாக்கலம்மா" என்றேன். சொல்லும்போதே, கண்ணாடி முழுக்க ஏறியிருக்கிறதா என்று இன்னொரு தரம் பார்த்துக்கொண்டேன்.